டெலிகிராம்ல வாங்கின ரெண்டு அட்டை வலி மாத்திரை: சட்டம் இதை எப்படிக் கணக்கு போடும்?

நம்ம பிளாக்ல வழக்கமா எஸ்.ஐ.பி., டேர்ம் இன்ஷூரன்ஸ், ஹோம் லோன்னுதான் போகும். இன்னைக்கு எடுத்திருக்கிற விஷயம் கொஞ்சம் வேற. ஆனா மாசச் சம்பளத்தை நம்பி வாழுற ஒருத்தரோட மொத்த நிதித் திட்டத்தையும் ஒரே ஒரு கூரியர் பார்சல் கவிழ்த்துடும்னா, அதுவும் நம்ம பாடம்தான்.

டாக்டர் சீட்டு இல்லாம, இணையத்துல ஓபியாய்டு வகை மாத்திரை வாங்குறதைப் பத்திப் பேசப்போறோம். ஓபியாய்டுன்னா அபினோட தொடர்புள்ள, இல்லேன்னா அதே மாதிரி மூளையில வேலை செய்யுற வலி நிவாரணிகள். டிரமடால், கோடீன், மார்ஃபின், பியூப்ரினார்ஃபின், ஃபென்டனில் எல்லாம் இந்தக் குடும்பம்.

"இது போதைக்காரங்க கதை, நமக்கென்ன?"ன்னு தாண்டிப் போயிடாதீங்க. ஒரு கற்பனை உதாரணம் எடுத்துக்குவோம். பேரு கார்த்திக், வயசு 27, ஓ.எம்.ஆர்.ல ஐ.டி. வேலை, கைக்கு வர்ற சம்பளம் 60,000 ரூபாய். முதுகுல டிஸ்க் ஆபரேஷன். டாக்டர் 10 நாளைக்கு டிரமடால் எழுதிக் கொடுத்தார். 10 நாள் முடிஞ்சது, வலி முடியல. மறுபடி மெடிக்கல் ஷாப்ல கேட்டா, "புது சீட்டு கொண்டு வாங்க"ன்னு சொல்லிட்டாங்க. அவங்க சும்மா கெடுபிடி பண்ணல. டிரமடால் எச்1 அட்டவணை மருந்து. யாருக்குக் கொடுத்தோம், எந்த டாக்டர் எழுதினார்னு தனிப் பதிவேட்டுல எழுதி, அதை 3 வருஷம் வச்சிருக்கணும். கார்த்திக் என்ன பண்ணான்? டெலிகிராம்ல "சீட்டு வேண்டாம், கூரியர் இலவசம்"னு போட்டிருந்த ஒருத்தனுக்கு யு.பி.ஐ.ல காசு அனுப்பி 2 அட்டை, அதாவது 20 மாத்திரை ஆர்டர் போட்டுட்டான்.

இந்த 20 மாத்திரையை வச்சுத்தான் இன்னைக்குக் கணக்கு.

வாங்குனாலே குற்றம்தானா?

ஆமா. 1985-ல வந்த போதைப்பொருள் மற்றும் மனமயக்கப் பொருள் சட்டம், சுருக்கமா என்.டி.பி.எஸ். சட்டம். அதோட 8(சி) பிரிவு தடை பண்ணுற செயல்கள்ல விற்குறது மட்டும் இல்ல, வாங்குறது, வச்சிருக்கிறது, பயன்படுத்துறது, ஒரு மாநிலத்துல இருந்து இன்னொரு மாநிலத்துக்குக் கொண்டு வர்றது எல்லாமே இருக்கு. மருத்துவத் தேவைக்கு, சட்டம் சொல்ற வழியில வாங்கினா மட்டும் விலக்கு. "எனக்கு நிஜமாவே வலி இருந்துச்சு"ங்கிறது அந்த விலக்குல பாதிதான். சீட்டும், லைசென்ஸ் உள்ள கடையும் மீதிப் பாதி.

டிரமடால் ஆரம்பத்துல இந்தச் சட்டத்துக்குள்ள இல்ல. 2018 ஏப்ரல் 26-ல மத்திய அரசு ஒரு அறிவிப்பு வெளியிட்டு உள்ள கொண்டு வந்தது. பார்லிமென்ட் கூடி சட்டத்தைத் திருத்த வேண்டிய அவசியம்கூட இல்ல, ஒரு கெசட் அறிவிப்பு போதும். அதனால "இந்த மாத்திரை லிஸ்ட்ல இல்ல பாஸ், சேஃப்"னு எவனாவது சொன்னா, அவன் பார்த்தது எந்த வருஷத்து லிஸ்ட்னு உங்களுக்குத் தெரியாது. அதோட, அட்டை மேல அச்சடிச்சிருக்கிற பேரும் உள்ள இருக்கிற மருந்தும் ஒண்ணுதானான்னு தடய அறிவியல் லேப் ரிப்போர்ட் வந்தாதான் தெரியும். கேஸ் ஓடுறது லேப் ரிப்போர்ட்டை வச்சு, அட்டையை வச்சு இல்ல.

இங்கதான் எல்லாரும் தப்புக்கணக்கு போடுறாங்க

இந்தச் சட்டத்துல தண்டனையைத் தீர்மானிக்கிறதுல முதல் கேள்வி அளவு. இன்கம் டாக்ஸ் ஸ்லாப் மாதிரி நினைச்சுக்கங்க. 3 ஸ்லாப் இருக்கு: சிறிய அளவு, இடைப்பட்ட அளவு, வணிக அளவு. டிரமடாலுக்கு சிறிய அளவு 5 கிராம், வணிக அளவு 250 கிராம்.

சிறிய அளவுன்னா 1 வருஷம் வரை கடுங்காவல், இல்லேன்னா 10,000 ரூபாய் வரை அபராதம், இல்லேன்னா ரெண்டும். அதைத் தாண்டி வணிக அளவுக்குக் கீழே இருந்தா 10 வருஷம் வரை சிறை, 1 லட்சம் வரை அபராதம். வணிக அளவைத் தாண்டினா குறைஞ்சது 10 வருஷம், அதிகபட்சம் 20 வருஷம். அபராதம் 1 லட்சத்துல இருந்து 2 லட்சம். கடைசி ஸ்லாப்ல "குறைஞ்சது"ங்கிற வார்த்தையைக் கவனிங்க. ஜட்ஜ் பரிதாபப்பட்டாலும் அந்த 10-க்குக் கீழே போக முடியாது.

இப்போ கார்த்திக் கணக்குக்கு வருவோம். மாத்திரை 50 மில்லிகிராம். 20 மாத்திரையில இருக்கிற மருந்து வெறும் 1 கிராம். 5 கிராமுக்கு ரொம்பக் கீழே, சிறிய அளவுதான்னு அவன் நினைக்கிறான்.

ஆனா 2020 ஏப்ரல்ல ஹீரா சிங் வழக்குல சுப்ரீம் கோர்ட் சொன்னது வேற. போதைப்பொருள் வேற பொருளோட கலந்திருந்தா, கலவையோட மொத்த எடையைத்தான் எடுத்துக்கணும், உள்ள இருக்கிற சுத்தமான மருந்தோட எடையை மட்டும் இல்ல. மாத்திரையில மருந்தைவிட மாவு, பிணைப்புப் பொருள், மேல்பூச்சுதான் ஜாஸ்தி. ஒரு மாத்திரையோட மொத்த எடை 0.3 கிராம்னு வச்சுப்போம். 20 மாத்திரை 6 கிராம். 5 கிராமைத் தாண்டியாச்சு.

புரியுதா? 1 வருஷம் ஸ்லாப்ல இருக்கோம்னு நினைச்சவன் 10 வருஷம் ஸ்லாப்ல நிக்கிறான். இந்தக் கணக்குல 16 மாத்திரை வரைக்கும் ஒரு ஸ்லாப், 17-வது மாத்திரையில இருந்து அடுத்த ஸ்லாப். டாக்ஸ்ல ஸ்லாப் மாறினா மேல உள்ள தொகைக்கு மட்டும்தான் கூடுதல் வரி. இங்க மொத்தத்துக்கும்.

ஃபென்டனில் இதைவிட மோசம். அதுக்கு சிறிய அளவு 0.005 கிராம், வணிக அளவு வெறும் 0.1 கிராம். டார்க்நெட்ல வேற ஏதோ வலி மாத்திரைன்னு வாங்குறதுல ஃபென்டனில் கலந்திருந்தா, மொத்த எடைக் கணக்குப்படி 0.1 கிராமைத் தாண்டுறதுக்கு ஒரு மாத்திரையே போதும். அந்த ஒரு மாத்திரை ஆளையே கொன்னுடலாம்ங்கிறது தனிக் கதை. அதை டாக்டருங்க சொல்லட்டும்.

"சொந்த உபயோகத்துக்குன்னு சொன்னா விட்டுருவாங்கல்ல?" இது பழைய கதை. 2001-க்கு முன்னாடி சொந்த உபயோகத்துக்கு சின்ன அளவு வச்சிருந்தா 27-வது பிரிவுல குறைவான தண்டனை இருந்துச்சு. 2001 திருத்தத்துக்கு அப்புறம் 27-ங்கிறது உட்கொண்டதுக்கு மட்டும். கையில இருக்கிற சரக்குக்கு எடைதான் பேசும், நோக்கம் இல்ல.

"எனக்குத் தெரியாது"ன்னு சொன்னா?

சாதாரணமா கிரிமினல் கேஸ்ல போலீஸ்தான் எல்லாத்தையும் நிரூபிக்கணும். இங்க 35-வது பிரிவு, தெரிஞ்சேதான் செஞ்சீங்கன்னு கோர்ட் அனுமானிக்க இடம் கொடுக்குது. 54-வது பிரிவு, கையில இருந்ததுக்கு நீங்க திருப்தியான விளக்கம் கொடுக்கலேன்னா, குற்றம் செஞ்சதா அனுமானிக்கலாம்னு சொல்லுது. இல்லைன்னு காட்ட வேண்டிய சுமை உங்க மேல வருது.

ரூம்மேட்டுக்காக "உன் அட்ரஸ்ல ஒரு பார்சல் வரும், வாங்கி வை மச்சான்"ங்கிறதுக்குத் தலையாட்டுறவங்க இதை ரெண்டு தடவை படிங்க. பார்சல்ல பேரு உங்களோடது, நம்பர் உங்களோடது, ஓ.டி.பி. சொன்னதும் நீங்க.

பார்சல் கைக்கு வரலேன்னாலும் தப்பிச்சோம்னு இல்ல. முயற்சிக்கு 28-வது பிரிவு, கூட்டுச் சதிக்கு 29. அதோட 50ஏ பிரிவுல "கண்காணிப்பு டெலிவரி"ன்னு ஒண்ணு இருக்கு. பார்சலை வழியிலயே கண்டுபிடிச்சாலும் நிறுத்தாம, அதிகாரிங்க கண்காணிப்புலயே உங்க வாசல் வரைக்கும் வர விடலாம். யார் கையெழுத்துப் போட்டு வாங்குறாங்கன்னு பார்க்கத்தான். வெளிநாட்டுல இருந்து வரவழைச்சா இறக்குமதிக்கான 23-வது பிரிவும் சேரும்.

யு.பி.ஐ.யும் கிரிப்டோவும் விட்டுட்டுப் போற தடம்

நம்ம ஏரியாவுக்கு வந்துட்டோம். பெரும்பாலும் போலீஸ் உங்களைத் தேடி வர்றது உங்களால இல்ல. விற்குறவன் முதல்ல மாட்டுவான். அவன் போன், அவன் பேங்க் ஸ்டேட்மென்ட், அவன் கூரியர் ரசீது புத்தகம், இந்த மூணும் ஒரே டேபிளுக்கு வரும். அதுல வாங்கினவங்க லிஸ்ட் அட்ரஸோட இருக்கும். நீங்க அனுப்பின ஒவ்வொரு யு.பி.ஐ.க்கும் ஒரு பரிவர்த்தனை எண் இருக்கு, அதுக்குப் பின்னாடி கே.ஒய்.சி. பண்ண பேங்க் அக்கவுன்ட், பான் நம்பர். குறிப்புல "புக்ஸ்"னு டைப் பண்ணதால அது புத்தகம் ஆகிடாது.

2020 பிப்ரவரியில என்.சி.பி., அதாவது மத்திய போதைப்பொருள் தடுப்புப் பிரிவு, லக்னோவுல ஒரு இளைஞரைப் பிடிச்சது. டார்க்நெட்ல வெளிநாட்டுக்கு மாத்திரை வித்த ஆள். டிரமடால் உட்பட ஆயிரக்கணக்குல மாத்திரைகள் அந்த வழக்குல பறிமுதல். பணம் வாங்கினது கிரிப்டோவுல. டார்க்நெட், கிரிப்டோ ரெண்டும் சேர்ந்தும் மறைக்க முடியல.

2023 மார்ச்சுல இருந்து இந்தியாவுல கிரிப்டோ எக்ஸ்சேஞ்சுகள் கறுப்புப் பணத் தடுப்புச் சட்டத்துக்குள்ள வந்தாச்சு. கே.ஒய்.சி. கட்டாயம், பதிவுகளை வச்சிருக்கணும், சந்தேகப் பரிவர்த்தனையை நிதிப் புலனாய்வுப் பிரிவுக்குச் சொல்லணும். உங்க பேங்க்ல இருந்து எக்ஸ்சேஞ்ச், எக்ஸ்சேஞ்ச்ல இருந்து ஒரு வாலட்னு போற கோடு அப்படியே இருக்கும். இன்னொண்ணு: கிரிப்டோ கொடுத்து எதை வாங்கினாலும் அது வரிச் சட்டத்துல கைமாற்றம்தான். லாபம் இருந்தா 30 சதவீதம் வரி. கடத்தல் சரக்குக்கும் வரியான்னு கேட்டா, ஆமா.

ஜாமீன் வர்றதுக்குள்ள லோன் என்ன ஆகும்?

கார்த்திக் கேஸ் இடைப்பட்ட அளவு. அங்க ஜாமீன் சாதாரண விதிப்படி, கோர்ட் பார்த்து முடிவு பண்ணும். ஆனா ஒரு சின்ன மாற்றம் பண்ணுவோம். விற்குறவன் "பல்க் ஆஃபர்" போட்டான். 4 ரூம்மேட்டும் காசு போட்டு 850 மாத்திரை வாங்கினாங்க. 850 பெருக்கல் 0.3, 255 கிராம். 250-ஐத் தாண்டியாச்சு, வணிக அளவு. சேர்ந்து திட்டம் போட்டதால 29-வது பிரிவுல 4 பேருக்கும் அதே தண்டனை. "என் பங்கு கால்வாசிதான்"னு வகுத்தல் போடுறதுக்குப் போலீஸ் முதல்ல ஒத்துக்காது.

வணிக அளவுன்னா 37-வது பிரிவு வந்துடும். அரசு வக்கீல் எதிர்த்தா, நீங்க குற்றவாளி இல்லைன்னு நம்ப நியாயமான காரணம் இருக்கு, வெளியில போனா மறுபடி குற்றம் பண்ண மாட்டீங்கன்னு ரெண்டும் கோர்ட்டுக்குத் திருப்தி ஆனாதான் ஜாமீன். விசாரணையை முடிச்சு குற்றப்பத்திரிகை போட 180 நாள் டைம் இருக்கு. கோர்ட் அனுமதிச்சா அது 1 வருஷம் வரைக்கும் நீளும்.

இப்போ இந்த 180 நாளை உங்க லோன் காலண்டர் மேல வச்சுப் பாருங்க. ஹோம் லோன் இ.எம்.ஐ. 24,000, அப்பா கோ-அப்ளிகன்ட். முதல் மாசம் சம்பளம் இல்ல, இ.எம்.ஐ. பவுன்ஸ், கிரெடிட் ஸ்கோர் இறங்க ஆரம்பிக்கும். 90 நாள் தாண்டினா கடன் வாராக்கடன். அப்புறம் சர்ஃபேசி சட்டத்துல பேங்க் 60 நாள் நோட்டீஸ் அனுப்பலாம். 90-ம் 60-ம் 150. குற்றப்பத்திரிகைக்கான 180 நாள் முடியுறதுக்குள்ளேயே பேங்க் வீட்டைக் கையகப்படுத்துற நடவடிக்கைக்குத் தகுதியாயிடுது. கேஸ்ல பேரே இல்லாத அப்பாவோட கிரெடிட் ஸ்கோரும் அதோட சேர்ந்து போகும். வக்கீல் ஃபீஸை இதுல நான் சேர்க்கவே இல்ல.

எமர்ஜென்சி ஃபண்ட் 6 மாசத்துக்கு வைங்கன்னு நம்ம சேனல்ல சொல்லிக்கிட்டே இருக்கோம். அது வேலை போனா தாங்குறதுக்கு. நீங்க உள்ள இருந்தா, உங்க போன், உங்க ஓ.டி.பி., உங்க கையெழுத்து எதுவும் வீட்டுல இருக்கிறவங்களுக்குக் கிடைக்காது. அக்கவுன்டையே போலீஸ் முடக்கியிருந்தா ஃபண்டுல எவ்வளவு இருந்தும் எடுக்க முடியாது.

வேலை, பாஸ்போர்ட், இன்ஷூரன்ஸ்

மத்திய அரசு ஊழியரா இருந்தா, 48 மணி நேரத்துக்கு மேல காவல்ல இருந்தாலே தானா சஸ்பெண்ட் ஆனதாக் கணக்கு. தனியார்ல ஆஃபர் லெட்டரோட நடத்தை விதியைப் படிச்சுப் பாருங்க; அடுத்த கம்பெனி பின்னணிச் சரிபார்ப்புல கோர்ட் பதிவுகளைத் தேடுவாங்க. கிரிமினல் கேஸ் நிலுவையில இருந்தா பாஸ்போர்ட் மறுக்கலாம், கோர்ட் அனுமதி வாங்கிட்டுத்தான் போகணும். ஆன்சைட் கனவு இருக்கிறவங்களுக்கு: போதைப்பொருள் குற்றத்துல தண்டனை ஆயிருந்தா அமெரிக்கக் குடியேற்றச் சட்டப்படி விசாவுக்குத் தகுதி இழப்பு. கிரீன் கார்டுக்கு அதுல கிடைக்கிற முக்கியமான விலக்கு 30 கிராம் வரை கஞ்சா சொந்தமா வச்சிருந்த ஒரு தடவைக்குத்தான். ஓபியாய்டுக்கு இல்ல.

ஹெல்த் இன்ஷூரன்ஸ் பாலிசியில நிலையான விலக்குகள் பக்கத்தை எடுங்க. போதைப் பழக்கத்துக்கான சிகிச்சையும் அதோட விளைவுகளும் விலக்குல இருக்கும். டீ-அடிக்ஷன் செலவு பெரும்பாலும் உங்க கையில இருந்துதான்.

போலி போலீஸ்

சீட்டு இல்லாம மாத்திரை விற்குறவன்கிட்ட உங்க பேரு, அட்ரஸ், நம்பர், நீங்க என்ன வாங்கினீங்கன்னு எல்லாம் இருக்கு. அதை அவன் இன்னொருத்தனுக்கு விற்கலாம். அடுத்து ஒரு வீடியோ கால்: "போதைப்பொருள் தடுப்புப் பிரிவுல இருந்து பேசுறோம், நீங்க டிஜிட்டல் அரெஸ்ட்ல இருக்கீங்க." எதுவுமே வாங்காதவங்களே இதுல லட்சக்கணக்குல ஏமாந்திருக்காங்க. வாங்கினவன் பயத்துல இன்னும் சீக்கிரம் கொடுப்பான், யார்கிட்டயும் சொல்லவும் மாட்டான். டிஜிட்டல் அரெஸ்ட்னு நம்ம நாட்டுச் சட்டத்துல எதுவும் கிடையாது. நிஜ அதிகாரி யு.பி.ஐ.ல காசு கேட்க மாட்டார். நீங்க வாங்கியிருந்தாலும் சரி, காசு கேட்டா 1930-க்குப் போன் பண்ணுங்க.

கார்த்திக் என்ன பண்ணியிருக்கணும்?

அதே டாக்டர்கிட்ட திரும்ப நேர்ல போயிருக்கணும். வீடியோ கன்சல்டேஷன் உதவாது. 2020-ல வந்த டெலிமெடிசின் வழிகாட்டுதல்படி என்.டி.பி.எஸ். பட்டியல்ல இருக்கிற மருந்தை ஆன்லைன்ல எழுதவே கூடாது. அப்படி எழுதித் தர்ற ஆப் இருந்தா அதுவே எச்சரிக்கை மணி. சீட்டு இருந்தா, மனமயக்கப் பொருள் பட்டியல்ல இருக்கிற மருந்தை சொந்த மருத்துவத் தேவைக்கு ஒரு நேரத்துல 100 டோஸ் வரைக்கும் வச்சிருக்க விதி அனுமதிக்குது. நீண்ட காலத் தேவைன்னு டாக்டர் குறிப்பா எழுதினா 300 வரைக்கும். அதாவது கார்த்திக்கோட அதே 20 மாத்திரை, சீட்டோட வாங்கியிருந்தா, ஒரு பிரச்சனையும் இல்ல. சீட்டையும் பில்லையும் போட்டோ எடுத்து டிரைவ்ல போட்டு வைங்க. டாக்ஸ் புரூஃப் மாதிரிதான்.

மாத்திரை இல்லாம இருக்க முடியலைங்கிற நிலைமையா? அது ஒழுக்கக்கேடு இல்ல, டாக்டர் பார்க்க வேண்டிய விஷயம். இதே சட்டத்துல 64ஏ பிரிவு இருக்கு. அடிமையான ஒருத்தர், உட்கொண்ட குற்றத்துக்கோ சிறிய அளவு குற்றத்துக்கோ வழக்கு வந்திருந்தா, தானா முன்வந்து அங்கீகரிச்ச இடத்துல சிகிச்சையை முழுசா முடிச்சா, அந்த வழக்குல இருந்து விலக்கு கிடைக்கும். பாதியில விட்டா விலக்கும் போகலாம். "சிறிய அளவு"ங்கிற வார்த்தை இங்கயும் வருது பாருங்க. 17-வது மாத்திரை இந்தக் கதவையும் சேர்த்துத்தான் மூடுது. தேசிய போதை மறுவாழ்வு உதவி எண் 14446, மனநல ஆலோசனைக்கு 14416. ரெண்டும் இலவசம்.

ஏற்கனவே ஆர்டர் போட்டுட்டீங்க, சம்மன் வந்துருச்சுன்னா, சாட்டை அழிக்காதீங்க, அது தனிப் பிரச்சனையாகும். வக்கீலைக் கூட்டிட்டுப் போங்க. காவல்ல இருக்கிற யாருக்கும் இலவசச் சட்ட உதவி உரிமை உண்டு, எண் 15100. உடம்பைச் சோதனை போடுறதுக்கு முன்னாடி கெசட்டட் அதிகாரி இல்லேன்னா மாஜிஸ்திரேட் முன்னாடி நடக்கணும்னு கேட்கிற உரிமை 50-வது பிரிவுல இருக்கு. நம்ம மாநிலத்துல இருந்து போன தூஃபான் சிங் வழக்குல, இந்தச் சட்டத்து அதிகாரிங்க 67-வது பிரிவுல வாங்குற ஒப்புதல் வாக்குமூலம் சாட்சியமா செல்லாதுன்னு 2020 அக்டோபர்ல சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு. ஆனா உங்க யு.பி.ஐ. ஸ்டேட்மென்ட் வாக்குமூலம் இல்ல, அது செல்லும்.

180 நாள் காலண்டரையும் லோன் காலண்டரையும் ஒரே எக்செல் ஷீட்ல போட்டு, இந்த வாரத்து வீடியோவுல காட்டியிருக்கேன். உங்க இ.எம்.ஐ.யை அதுல போட்டுப் பாருங்க.